மேலுக்கு முடியல

என் மகள் தென்றலுக்குக் காய்ச்சல் என்றால் கையை வைத்ததுமே எனக்குத் தெரிந்துவிடும். அன்றைக்கும் தெரிந்தது. தெரிந்துதான் பள்ளிக்கு அனுப்பினேன். இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன், பிறகு யாரும் என்னைக் குடைந்து குடைந்து கேட்க வேண்டாம்.

நாங்கள் ஒரகடம் பக்கத்து வடக்குப்பட்டில் ஒரு லைன் வீட்டில் குடியிருக்கிறோம். ஒரே நீளச் சுவர், எட்டுக் கதவு. தென்காசிப் பக்கத்திலிருந்து வந்து நாலு வருஷம் ஆகிறது. என் வீட்டுக்காரர் மாரிமுத்து, கார்களை ஏற்றிப் போகும் டிரெய்லர் ஓட்டுகிறார். வடக்கே போனால் திரும்பி வர இருபது நாள் பிடிக்கும். நான் வல்லம் வடகாலில் ஒரு கம்பெனியில் கார் ஒயர்களைக் கட்டாகக் கட்டும் லைனில் கான்ட்ராக்ட் வேலை பார்க்கிறேன். தென்றல் இரண்டாம் வகுப்பு.

கான்ட்ராக்ட் ஆட்களுக்கு மாதத்தில் இரண்டு லீவு வரை முகத்தைச் சுளிப்பதோடு விட்டுவிடுவார்கள். மூன்றாவது லீவு போட்டால் கேட் பாஸை பிளாக் செய்துவிடுவார்கள். மறுநாள் போய் கார்டை வைத்தால் சிவப்பு விளக்கு எரியும். அதோடு வேலை முடிந்தது. தென்றலுக்கு வயிற்றுப்போக்கு வந்ததில் அந்த மாதத்து இரண்டு லீவும் போயிருந்தது. தேதி பதினெட்டுதான் ஆகியிருந்தது.

பள்ளி டைரியில் ஒரு விதி அச்சடித்திருக்கிறார்கள். மருந்து கொடுக்காமலேயே காய்ச்சல் நின்று, முழுசாக ஒரு நாள் கழித்துத்தான் பிள்ளையை அனுப்ப வேண்டுமாம். கீழே பெற்றோர் கையெழுத்து. ஜூன் மாதமே போட்டுக் கொடுத்துவிட்டேன். நல்ல விதிதான். எழுதின புண்ணியவானுக்கு வீட்டில் பகலில் ஓர் ஆள் இருந்திருக்கும்.

காலை ஆறரைக்குக் காய்ச்சல் சிரப்பை மூடியில் ஊற்றிக் கொடுத்தேன். ஏழேகாலுக்கு வேர்த்துவிட்டது. நெற்றி குளிர்ந்தது. தலையைப் பின்னி, ரிப்பனைக் கட்டி, தெருமுனைக்கு அழைத்துப் போனேன். ஏழரைக்கு அவள் வேன், ஏழு நாற்பதுக்கு என் கம்பெனி பஸ். எதிரே எங்கள் லைன் வீட்டின் சொந்தக்காரம்மா மீனம்மாள் சீருடைச் சேலையில் வந்தார். அவரும் ஒரு கம்பெனியில் ஹவுஸ்கீப்பிங்.

“இன்னா உலகா, கொயந்த சோந்துக்கினு கீது?”

“ராத்திரி சரியாத் தூங்கல்லக்கா.”

“கண்ணப் பாரு, செவந்து கீது. வூட்லயே வெச்சிப் பாத்துக்கோ, அனுப்பாத.”

சொல்லிவிட்டு அவர் தன் ஷேர் ஆட்டோவைப் பிடிக்க ஓடினார். வீட்டில் வைத்துக்கொள்ளலாம். யாரிடம் வைத்துக்கொள்வது? பகல் பத்து மணிக்கு எங்கள் லைன் வீட்டைப் பார்த்தால் எட்டுக் கதவிலும் பூட்டுத்தான் தொங்கும். நைட் ஷிப்ட் முடித்து உள்ளே தூங்குகிற பையன்கள்கூட வெளியே பூட்டச் சொல்லிவிட்டுத்தான் படுப்பார்கள், யாரும் கதவைத் தட்டக் கூடாது என்று.

வேன் வந்தது. ஏறும்போது தென்றல் என் விரலை விடவில்லை. அவள் கை லேசாகச் சுட்டது. எனக்குத் தெரியாதது மாதிரி பையைத் தூக்கி உள்ளே கொடுத்தேன்.

எங்கள் கம்பெனியில் போனை கேட்டிலேயே வாங்கி லாக்கரில் வைத்துவிடுவார்கள். வெளியே வரும்போதுதான் கைக்கு வரும். அந்தச் சிரப் நாலு மணி நேரம் தாங்கும் என்பது எனக்குப் பழக்கத்தில் தெரியும். பத்தரைக்கு மேல் சுவர்க் கடிகாரத்தைப் பார்க்காமலே வேலை செய்தேன். சாப்பாட்டு நேரத்தில் லைன் லீடர் எழிலரசனிடம் போய் நின்றேன்.

“தம்பி, ஒரே ஒரு போன் பண்ணிட்டு வந்துருதேன். பிள்ளைக்குச் சொகமில்ல.”

“அக்கா, கேட்டுக்குப் போய்ட்டு வர இருவது நிமிசம் ஆவும். ஒங்க ஸ்டேஷன் காலியா இருந்தா லைன் நின்னுடும். என்னத்தான் கேப்பாங்க.”

அவன் கெட்டவன் இல்லை. அவனுக்கு மேலே ஒருத்தர், அவருக்கு மேலே இன்னொருத்தர். நான் திரும்பிப் போய் ஒயரைக் கட்டினேன்.

ஐந்தரைக்கு லாக்கரைத் திறந்தால் ஏழு மிஸ்டு கால், எல்லாம் பள்ளியிலிருந்து. பஸ்ஸுக்கு நிற்காமல் ஷேர் ஆட்டோவில் தொற்றிக்கொண்டு போனேன். எல்லாப் பிள்ளைகளும் போய்விட்டிருந்தார்கள். கீழ்த்தளத்து ஆபீஸ் அறையில் பெஞ்சின் மேல் தென்றல் படுத்திருந்தாள். வகுப்பு ஆசிரியை மெர்சி டீச்சர் ஈரக் கைக்குட்டையை அவள் நெற்றியில் போட்டு, பக்கத்தில் உட்கார்ந்திருந்தார். அவரும் வீட்டுக்குப் போகவில்லை.

“காலைல வந்ததும் சொன்னா மேடம். ‘டீச்சர், மேலுக்கு முடியல, மேலுக்கு முடியல’ன்னு. செகண்ட் ஸ்டாண்டர்டு மாடில இருக்குல்ல, மேல ஏற முடியலன்னு சொல்றான்னு நெனச்சிட்டேன். கால புடிச்சிப் பாத்தேன், ஒண்ணும் இல்ல. சரி, அடம் புடிக்கிறான்னு கீழ யூகேஜி பசங்களோட ஒக்கார வெச்சிட்டுப் போய்ட்டேன். மத்தியானம் சாப்பிட எறங்கி வந்து தொட்டா, கொதிக்குது.”

எனக்கு முதலில் வந்தது கோபம். ஒரு பிள்ளை இத்தனை தரம் சொல்லியும் தொட்டுப் பார்க்கத் தோன்றவில்லையா என்று நாக்கு நுனி வரை வந்தது. ஆனால் அதைக் கேட்க எனக்கு என்ன யோக்கியதை? நான் தொட்டுப் பார்த்தவள். தொட்டுப் பார்த்துவிட்டு அனுப்பினவள்.

“எங்க ஊர்ல ஒடம்புக்கு மேலுன்னு சொல்லுவோம் டீச்சர்” என்றேன்.

அவர் வாயைப் பொத்திக்கொண்டார். “எனக்குத் தெரியாதே மேடம்” என்றபோது கண் கலங்கியிருந்தது.

அவருக்கு எப்படித் தெரியும்? இந்தப் பக்கத்துக் கம்பெனிகளில் எங்கள் ஊர்க்காரர்கள் ஆயிரம் பேராவது இருப்பார்கள். அந்தச் சொல்லைக் கேட்டால் எல்லோருக்கும் புரியும். ஆனால் காலை ஒன்பது மணிக்கு எல்லோரும் ஷிப்டில் இருக்கிறார்கள். என் மகள் தனக்குத் தெரிந்த ஒரே சொல்லைத் திரும்பத் திரும்பச் சொல்லிவிட்டு, சின்னப் பிள்ளைகளின் நாற்காலியில் காய்ச்சலோடு உட்கார்ந்திருந்திருக்கிறாள். அதை நினைத்ததும் அங்கேயே, அந்த டீச்சர் முன்னாலேயே அழுதுவிட்டேன்.

ஒரகடம் கிளினிக்கில் டாக்டர் பார்த்தார். வைரல் காய்ச்சல்தான், பயப்பட ஒன்றுமில்லை, மூன்று நாள் பள்ளிக்கு அனுப்பாதீர்கள், தனியாக விடாமல் பார்த்துக்கொள்ளுங்கள் என்றார். வீட்டுக்கு வந்ததும் மாரிமுத்துவுக்குப் போன் போட்டேன். நாக்பூர் தாண்டி ஏதோ டோல்கேட்டில் நின்றுகொண்டிருந்தார். வண்டிச் சத்தத்தில் பாதிதான் கேட்டது.

“நீ வீட்ல இருந்து பாத்துக்கிடு உலகு.”

“வேல போயிருமே.”

“அதுக்கு என்ன செய்ய? பாத்துக்கிடு.”

மீனம்மாள் பார்த்துக்கோ என்றார், டாக்டர் பார்த்துக்கொள்ளுங்கள் என்றார், கட்டினவரும் பார்த்துக்கிடு என்கிறார். இந்த உலகத்தில் பார்க்கிற கண் என் முகத்தில் மட்டும்தான் இருக்கிறது போல. போனை வைத்துவிட்டு எழிலரசனைக் கூப்பிட்டேன். “நாளைக்கு மட்டும் எப்பிடியாவது வந்துடுங்க அக்கா, கான்ட்ராக்டர் லீவு போட்டவங்க லிஸ்ட் கேட்டுக்கினு இருக்காரு” என்றான். பேசியதெல்லாம் ஒரே அறையில்தான். தென்றல் கண்ணை மூடிப் படுத்திருந்தாள். தூங்குகிறாள் என்று நினைத்தேன்.

படுக்கும்போது ஒரு முடிவு வைத்திருந்தேன். முடிவு என்று சொல்லக்கூடாது, சாக்கு. காலையில் நெற்றியைத் தொட்டுப் பார்ப்பது, குளிர்ந்திருந்தால் கஞ்சியும் மருந்தும் பக்கத்தில் வைத்துவிட்டு வேலைக்குப் போவது, சுட்டால் இருப்பது. கதவைப் பூட்டிச் சாவியை எடுத்துக்கொண்டு போகிற தாயாக என்னை நினைத்துப் பார்க்க அருவருப்பாகத்தான் இருந்தது. இருந்தும் நினைத்துப் பார்த்தேன்.

காலையில் நான் அடுப்பில் கஞ்சியைக் கிண்டிக்கொண்டிருந்தேன். பின்பக்கம் பொதுக் குழாயில் தண்ணீர் விழும் சத்தம் கேட்டது. யாரோ முகம் கழுவுகிறார்கள் என்று விட்டுவிட்டேன். திரும்பினால் தென்றல் நிற்கிறாள். பள்ளிச் சட்டையை அவளே போட்டிருந்தாள், பொத்தான் ஒன்று மாறியிருந்தது.

“எம்மா, தொட்டுப் பாரு. எனக்குச் சரியாயிட்டு.”

நெற்றியில் கை வைத்தேன். ஐஸ் மாதிரி குளிர்ந்திருந்தது. நான் சந்தோஷப்பட்டேன். பிள்ளை குணமானதற்கு இல்லை, பஸ்ஸைப் பிடிக்கலாம் என்பதற்கு. அப்படி ஒரு சந்தோஷம் எனக்குள் வந்ததை நான் யாரிடமும் சொன்னதில்லை, இப்போது சொல்கிறேன்.

“ஸ்கூலுக்கு வேண்டாம்ட்டி. நீ வீட்ல படுத்திரு, அம்மா போயிட்டு வெரசா வந்துருதேன்” என்று சொல்லிக்கொண்டே பொத்தானைச் சரி செய்யக் குனிந்தேன். என் விரல் அவள் கழுத்தில் பட்டது. அடுப்பிலிருந்து எடுத்த கல் மாதிரி சுட்டது. அப்போதுதான் பார்த்தேன், நெற்றியோரத்து முடியெல்லாம் நனைந்திருந்தது. காதோரம் தண்ணீர் சொட்டியது.

“என்ன செஞ்ச?”

அவள் காதோரத்துத் தண்ணீரைப் புறங்கையால் துடைத்தாள்.

“ஏட்டி, என்ன செஞ்சன்னு கேக்கேன்.”

“கொழாத் தண்ணியப் புடிச்சிக்கிட்டே நின்னேன். நெத்தியில மட்டும்தான்.” குளிரில் அவள் பல் தந்தியடித்தது. “நீ போம்மா. நான் யார்ட்டயும் ஒண்ணும் சொல்லமாட்டேன்.”

அந்தச் சின்ன உடம்பைத் தூக்கி மடியில் போட்டுக்கொண்டேன். ஈரச் சட்டையைக் கழற்றினேன். முனையில் கம்பெனி பஸ்ஸின் ஹார்ன் கேட்டது. ஒருமுறை அடித்தது, கொஞ்சம் நின்றது, மறுபடி அடித்தது. என் மடியிலிருந்து திமிறி இறங்கப் பார்த்தாள். இறுக்கிப் பிடித்துக்கொண்டேன்.

“விடும்மா, பஸ் வந்துட்டு. ஓடு, ஓடு” என்று என் தோளை இரண்டு கையாலும் தள்ளினாள்.

நான் எழுந்திருக்கவில்லை. பஸ் கிளம்பும் சத்தம் கேட்டதும், “போயிட்டே, எம்மா, பஸ் போயிட்டே” என்று அவள் தேம்பித் தேம்பி அழுதாள்.