ஐந்தாவது மஞ்சள் அட்டை

ஆட்டம் தொடங்குவதற்கு முன்பே மாஸ்டருக்குத் தலை வலிக்க ஆரம்பித்துவிட்டது. மைதானத்துக் காலரியின் மூன்றாவது படியில், தண்ணீர் பாட்டிலை மடியில் இடுக்கிக்கொண்டு உட்கார்ந்திருந்தார். அவர் கார் ஓட்டக் கற்றுக்கொடுக்கும் பள்ளி வைத்திருப்பவர். பதினெட்டு வருஷமாக மற்றவர்கள் செய்யும் தவறுகளுக்குப் பக்கத்து சீட்டில் உட்கார்ந்து பிரேக் போட்டே பழகியவர். ஆனால் அவருடைய மைத்துனன் விளையாடும் மைதானத்தில் அவர் காலுக்கு எட்டுகிற மாதிரி பிரேக் எதுவும் இல்லை. அதுதான் அவருடைய கஷ்டம்.

மைத்துனன் கால்பந்தில் நடுக்கள ஆட்டக்காரன். கூட ஆடுகிறவர்கள் அவனைத் தபால்காரன் என்று கூப்பிடுவார்கள். பந்து காலுக்கு வந்தால் ஒரு நொடிகூட வைத்துக்கொள்ள மாட்டான். யாருக்குப் போகவேண்டுமோ அவருக்குப் போய்ச் சேர்ந்துவிடும். கோல் போட்டவன் கைகளை விரித்துக்கொண்டு ஓடுவான், நாலு பேர் அவன் மேல் விழுவார்கள், தபால்காரன் மட்டும் மைதானத்தின் நடுவட்டத்துக்குள் நின்று ஷூ லேஸைக் கட்டிக்கொண்டிருப்பான். பத்திரிகையில் பெயர் வராது. வந்தாலும் எழுத்துப்பிழையோடு வரும்.

பதினான்கு வயதில் ஒரு பெரிய கிளப்பின் பயிற்சிப் பள்ளிக்குப் போனான். பதினெட்டில், உயரம் போதவில்லை என்று ஒரு கடிதம் கொடுத்து வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள். அடுத்த வருஷமே நாலு அங்குலம் வளர்ந்தான். அந்தக் கிளப்புக்காரர்கள் வந்து அளந்து பார்க்கவில்லை. பிறகு மூன்றாம் பிரிவில் ஒரு கிளப். அங்கே பெஞ்சுதான் அவன் இடம். அடுத்துச் சேர்ந்த கிளப் இழுத்து மூடப்பட்டது. இப்போது இரண்டாம் பிரிவில் இந்தக் கிளப். வயது இருபத்து மூன்று. சீசன் முடிந்தால் ஒப்பந்தமும் முடிகிறது. இதற்குமேல் தாமதமானால் முதல் பிரிவில் எவனும் திரும்பிப் பார்க்கமாட்டான் என்பது மாஸ்டருக்கு நன்றாகத் தெரியும்.

அதனால்தான் அவர் ஒரு ஏற்பாடு செய்திருந்தார். முதல் பிரிவுக் கிளப் ஒன்றின் ஆபீசில் வேலை பார்க்கும் ஒரு பெண்மணி அவரிடம் கார் ஓட்டக் கற்றுக்கொண்டிருந்தார். காரைப் பின்னால் எடுத்து நிறுத்தத் தெரியாமல் இரண்டு முறை டெஸ்டில் தோற்றவர். பள்ளியில் அவருக்கு ரிவர்ஸ் மேடம் என்றே பெயர் விழுந்துவிட்டது. மாஸ்டர் பதினோரு ஞாயிற்றுக்கிழமைகள் தனியாக வகுப்பு எடுத்து, மூன்று குப்பைத்தொட்டிகளையும் ஒரு மதில் சுவரையும் பலி கொடுத்து, அந்த அம்மாளை மூன்றாவது முறை தேறவைத்தார். அந்த நன்றிக்கு ரிவர்ஸ் மேடம் மைத்துனன் ஆடிய வீடியோவை மேலே கொண்டுபோய்க் காட்டினார். அடுத்த வார ஆட்டத்துக்குத் தேர்வாளர் ஒருவர் நேரில் வருவதாக முடிவாயிற்று.

ஒரே ஒரு சிக்கல். மைத்துனன் இந்த சீசனில் நாலு மஞ்சள் அட்டை வாங்கியிருந்தான். ஐந்தாவது வாங்கினால் அடுத்த ஆட்டத்தில் ஆட முடியாது. ஆக, இன்றைக்கு அவன் கோல் போடவேண்டாம், ஜெயிக்கவேண்டாம். அட்டை வாங்காமல் வீட்டுக்கு வந்தால் போதும்.

மாஸ்டர் ஒரு தாளில் எழுதியே கொடுத்திருந்தார். நடுவரிடம் வாயைத் திறக்காதே. விசில் அடித்தபிறகு பந்தைத் தொடாதே. யார் சட்டையையும் பிடித்து இழுக்காதே. கோல் போட்டாலும் உன் சட்டையைக் கழற்றாதே. கோலே போடாத பயலுக்குக் கடைசி வரி கொஞ்சம் அதிகம்தான். அவன் படித்துப் பார்த்துவிட்டு, "சரி மாமா" என்றான். எதைச் சொன்னாலும் அவன் சரி மாமாதான் சொல்வான். அந்த இரண்டு வார்த்தையைக் கேட்டாலே மாஸ்டருக்குச் சந்தேகம் வந்துவிடும்.

எழுபது நிமிடம் வரை எல்லாம் ஒழுங்காக நடந்தது. மாஸ்டர் பாட்டில் மூடியைத் திறந்து முதல் வாய் தண்ணீர் குடித்தார். அப்போதுதான் எதிரணியின் விங்கர் பந்தோடு பிய்த்துக்கொண்டு ஓடினான். அவனை மறிக்க ஒரு பக்கமிருந்து மைத்துனனும், மறுபக்கமிருந்து பின்களத்துப் பையன் கொக்கும் பாய்ந்தார்கள். கொக்குக்குப் பதினெட்டு வயது, உடம்பில் முக்கால்வாசி கால்தான். அவனுக்கு இது மூன்றாவது ஆட்டம்; முதல் பாதியிலேயே ஒரு மஞ்சள் அட்டை வாங்கியிருந்தான். மூன்று பேரும் ஒரே குவியலாக விழுந்தார்கள். விசில் ஊதிக்கொண்டே ஓடி வந்த நடுவர் கொக்குக்கு மஞ்சள் அட்டையைக் காட்டினார். அது இரண்டாவது என்பதால் பின்னாலேயே சிவப்பையும் காட்டினார்.

கொக்கு எதிர்த்து ஒரு வார்த்தை பேசவில்லை. சட்டையை முகத்துக்கு மேல் இழுத்துக்கொண்டு வெளியே நடந்தான்.

மாஸ்டருக்கு அந்தப் பையன் மேல் பரிதாபம் இருந்தது. ஆனால் அவருடைய முதல் எண்ணம், அட்டை நம் ஆளுக்கு இல்லை என்பதுதான். 'கடவுளே, காப்பாற்றினாய்' என்று மனதுக்குள் சொல்லி முடிக்கவில்லை. மைத்துனன் எழுந்து நடுவரை நோக்கி நடப்பது தெரிந்தது. கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டு, தலைமையாசிரியர் அறைக்குள் போகிறவன் மாதிரி போனான். ஏதோ சொன்னான். நடுவர் தலையை ஆட்டி மறுத்தார். அவன் தன் நெஞ்சைத் தொட்டுக் காட்டினான். பிறகு குனிந்து, தன் வலது காலைத் தொட்டுக் காட்டினான்.

காலரியின் சிமெண்டுத் தரையில் மாஸ்டரின் வலது கால் தன்னாலேயே அழுந்தியது. பதினெட்டு வருஷப் பழக்கம். ஒன்றும் நிற்கவில்லை.

நடுவர் கோட்டருகே நின்ற உதவியாளரிடம் போய்ப் பேசிவிட்டு வந்தார். கொக்கைத் திரும்பக் கூப்பிட்டார். தபால்காரனுக்கு மஞ்சள் அட்டையைக் காட்டினார்.

அன்று வீட்டுக்குத் திரும்பும்போது மாஸ்டர் பள்ளிக் காரைத்தான் ஓட்டினார். மைத்துனன் பக்கத்தில், வழக்கமாக அவர் உட்காரும் சீட்டில், மடியில் பையோடு உட்கார்ந்திருந்தான். நாலாவது சிக்னலில் மாஸ்டர் ஆரம்பித்தார்.

"ரெஃப்ரி உன்னைக் கேட்டாரா?"

"இல்ல மாமா."

"கோச் கேட்டாரா?"

"இல்ல."

"அந்தக் கொக்காவது கேட்டானா?"

"அவன் அழுதுட்டுப் போயிட்டிருந்தான் மாமா."

"அப்ப யாருதான்டா உன்னைக் கேட்டா?"

அவன் பையின் ஜிப்பை இழுத்து மூடினான். மறுபடி திறந்தான். "நான்தானே மாமா இடிச்சேன்" என்றான்.

அதற்குப் பிறகு மாஸ்டர் பேசியதை எல்லாம் இங்கே எழுத முடியாது. பதினோரு ஞாயிற்றுக்கிழமை, மூன்று குப்பைத்தொட்டி, ஒரு மதில் சுவர், உயரம் போதாத கடிதம் எல்லாம் அதில் வந்தன. பேசப் பேச வண்டியின் வேகமும் கூடியது. ஒரு வளைவில் கார் குலுங்கி மெதுவானது. மைத்துனன் தன் பக்கத்துப் பிரேக்கை மெல்ல மிதித்திருந்தான்.

"அதுல காலை வைக்காத" என்றார் மாஸ்டர் பல்லைக் கடித்துக்கொண்டு. "அது என் வேலை."

"சரி மாமா."

வீட்டில் மாஸ்டரின் மனைவி, தம்பிக்குத் தட்டில் சோறு போட்டுக்கொண்டே எல்லாவற்றையும் கேட்டாள். ரத்தப் பரிசோதனைக் கூடத்தில் வேலை செய்பவள். நாள் முழுக்கப் பயந்தவர்களின் கையைப் பிடித்துப் பேசிப் பேசி அவள் குரல் உயர்வதையே மறந்திருந்தது. தம்பியின் ஒவ்வொரு ஆட்டத்துக்கு முன்பும் ஒரு நிமிடம் கண்ணை மூடி வேண்டிக்கொள்வாள். தம்பி ஜெயிக்கவேண்டும் என்று அல்ல; இரண்டு பக்கத்துப் பிள்ளைகளும் கை கால் முழுசாக வீடு போய்ச் சேரவேண்டும் என்று. நடுவரையும் சேர்த்துக்கொள்வாள்.

"அவன் பேசாம இருந்திருந்தா நீங்க சந்தோஷமா இருந்திருப்பீங்களா?" என்று கேட்டாள்.

"இருந்திருப்பேன்."

"ஒரு நாள் இருந்திருப்பீங்க."

"அந்த ஒரு நாள் போதும்டி எனக்கு" என்றார் மாஸ்டர்.

மறுநாள் ரிவர்ஸ் மேடத்தைக் கூப்பிட்டு, தேர்வாளரை ஒரு வாரம் தள்ளி வரச் சொல்ல முடியுமா என்று கேட்டார். அந்த அம்மாள் பாவம், முயன்று பார்த்தார். தேர்வாளர் எங்கெங்கே போவார் என்பது இரண்டு மாதத்துக்கு முன்பே முடிவாகிவிட்டதாம்.

தேர்வாளர் சொன்னபடி வந்தார். சாம்பல் நிறத் தொப்பியும் சின்ன நோட்டுமாகக் காலரியில் இரண்டு வரிசை முன்னால் உட்கார்ந்தார். மைத்துனன் மைதானத்தில் இல்லை. மாஸ்டருக்குப் பக்கத்தில் உட்கார்ந்து பிஸ்கட் தின்றுகொண்டிருந்தான். இடைவேளையில் மாஸ்டர் கீழே இறங்கிப் போய், இவன்தான் அவன் என்று தூரத்திலிருந்தே காட்டினார். தேர்வாளர் மரியாதையாகத் திரும்பிப் பார்த்தார். பிஸ்கட் தின்பதை வைத்து ஆளை எடைபோட முடியாது என்று சொல்லாமல் சிரித்துவிட்டுத் திரும்பிக்கொண்டார்.

இரண்டாம் பாதியில் எல்லார் கண்ணிலும் பட்டவன் கொக்குதான். அந்தச் சிவப்பு அட்டை நிலைத்திருந்தால் இன்றைக்கு அவனும் காலரியில்தான் இருந்திருப்பான். தனக்குத் திருப்பிக் கிடைத்த ஆட்டம் என்பதாலோ என்னவோ, அந்தப் பையன் உயிரைக் கொடுத்து ஆடினான். தன் பக்கமாக வந்த ஒரு பந்தையும் விடவில்லை. கடைசி நிமிடத்தில் கோல் கோட்டின் மேலேயே காலை நீட்டி ஒரு பந்தை வெளியே தள்ளினான். சாம்பல் தொப்பி குனிந்தது.

"எழுதறார் மாமா, எழுதறார்" என்றான் மைத்துனன், மாஸ்டரின் தொடையைத் தட்டி. அவன் முகத்தைப் பார்த்தால் அவனுக்கே வேலை கிடைத்துவிட்டது போல இருந்தது. மாஸ்டர் வானத்தைப் பார்த்தார்.

மூன்று வாரம் கழித்து ரிவர்ஸ் மேடம் போன் செய்தார். மாஸ்டர் கையைத் துடைத்துக்கொண்டு எடுத்தார். அந்த அம்மாள் தயங்கித் தயங்கி, அந்த நீளக் கால் பையனின் நம்பர் கிடைக்குமா என்று கேட்டார். மாஸ்டர் போனைக் காதிலிருந்து எடுத்து ஒரு தடவை உற்றுப் பார்த்துவிட்டு, மறுபடி காதில் வைத்து, நம்பரைச் சொன்னார்.

மைத்துனனுக்குப் பழைய கிளப்பே இன்னும் ஒரு வருஷம் கொடுத்தது. அதே அறை, அதே பஸ், வெந்நீர் வராத அதே குழாய். அவன் கையெழுத்துப் போட்டுவிட்டு வந்து, சரி மாமா என்றான். மாஸ்டர் ஒன்றுமே கேட்டிருக்கவில்லை.

ஒரு வெள்ளிக்கிழமை காலை கொக்கு மாஸ்டரின் பள்ளிக்கு வந்து நின்றான். சுவர் முழுக்கப் போக்குவரத்துச் சின்னங்கள், மூலையில் ஒன்றன் மேல் ஒன்றாகக் கவிழ்த்த ரப்பர் கூம்புகள், வெளியே காரில் ஹாரனை அடித்துப் பழகிக்கொண்டிருந்த ஒரு புதிய மாணவர். கொக்கு உட்காரவில்லை. ஒரு பிளாஸ்டிக் உறையை நீட்டினான். உள்ளே முதல் பிரிவுக் கிளப்பின் ஒப்பந்தம், பதினான்கு பக்கம்.

"எங்க வீட்ல இதெல்லாம் படிக்கிற ஆள் இல்லண்ணா. உங்ககிட்ட காட்டுன்னு உங்க மைத்துனர்தான் சொன்னார். மாமா படிச்சா ஒரு புள்ளியக்கூட விடமாட்டாருன்னார்."

மாஸ்டருக்கு வந்த கோபத்தில் எதைத் தூக்கி எறிவது என்று தெரியவில்லை. கைக்கெட்டும் தூரத்தில் ரப்பர் கூம்புகள்தான் இருந்தன. தன் மைத்துனனுக்காக இரண்டு வருஷமாகக் காத்திருந்த காகிதம் இது. அதை இவனுக்கு விட்டுக்கொடுத்ததும் போதாமல், தன்னிடமே படிக்க அனுப்பியிருக்கிறான் அந்தத் தபால்காரன்.

"ஒண்ணு கேக்கறேன், உண்மையச் சொல்லு. அன்னைக்கு உனக்கு செவப்பு காட்டினப்ப நான் இல்லைன்னு ஏன் ஒரு வார்த்தை சொல்லல? சொல்லியிருந்தா ரெஃப்ரியே விசாரிச்சிருப்பார்."

கொக்கு விழித்தான். "நான்தான் இடிச்சேன்னு நெனச்சேன்ணா. மூணு பேரும் ஒண்ணா விழுந்தோம்ல. அவர் போய்ச் சொன்னப்புறம்தான் நான் இல்லன்னு எனக்கே தெரியும்."

வெளியே ஹாரன் அடித்தது. மாஸ்டர் அதைக் கவனிக்கவில்லை.

அப்படியென்றால் நடுவருக்குத் தெரியாது, கோச்சுக்குத் தெரியாது, பழி சுமந்து போன இந்தப் பையனுக்கே தெரியாது. மைத்துனன் லேஸைக் கட்டிக்கொண்டு சும்மா நின்றிருந்தால் உலகத்தில் ஒரு மனிதருக்கும் தெரிந்திருக்காது. தெரிந்திருக்கக்கூடியவர் மேலே இருக்கும் ஒருவரே, அவரும் வந்து யாரிடமும் சொல்லப்போவதில்லை. மாஸ்டர் இத்தனை நாளும் அவனை ஏமாளி என்று நினைத்திருந்தார். பயந்து போய் உளறிவிட்டான் என்றும் சில சமயம் நினைத்ததுண்டு. பயப்பட அங்கே ஒன்றுமே இருக்கவில்லை என்பது இப்போதுதான் அவருக்கு விளங்கியது.

எரிச்சல் போய்விட்டது என்று சொன்னால் பொய். இருந்தது. ஆனால் அதைத் திருப்பிவிட ஆள் யாரும் கிடைக்கவில்லை.

"உக்காரு. எவ்வளவு நேரம்தான் கம்பம் மாதிரி நிப்பே" என்றார்.

கண்ணாடியைப் போட்டுக்கொண்டு முதல் பக்கத்திலிருந்து தொடங்கினார். வெளியே மாணவருக்கு இன்ஜினை அணைக்கச் சொல்லிக் கையைக் காட்டினார். ஒவ்வொரு வரியின் கீழும் விரலை வைத்து, வாய்க்குள் முணுமுணுத்து, இரண்டு இடத்தில் பென்சிலால் கோடு போட்டுக்கொண்டு படித்தார். ஒன்பதாவது பக்கத்தில் விரல் நின்றது. கிளப் விரும்பினால் ஒப்பந்தத்தை மேலும் மூன்று வருஷம் நீட்டிக்கலாம். ஆட்டக்காரன் விரும்பினால் விலக முடியாது என்று சின்ன எழுத்தில் போட்டிருந்தது.

"இதப் படிச்சியா?"

"இல்லண்ணா. கடைசிப் பக்கத்துல கையெழுத்து போடச் சொன்னாங்க."

"சொல்லுவாங்க, சொல்லுவாங்க. பேனாவத் தொடாத."

மாஸ்டர் போனை எடுத்தார். ரிவர்ஸ் மேடம் எடுத்ததும் நலம் விசாரிக்கவில்லை, வண்டி எப்படி ஓடுகிறது என்று கேட்கவில்லை. ஒப்பந்தத்தில் ஒரு வரியை மாற்றவேண்டும், மாற்றாமல் பையன் கையெழுத்துப் போடமாட்டான் என்று நேராக விஷயத்துக்கு வந்தார். அந்த அம்மாளுக்குக் குழப்பம். உங்கள் மைத்துனனுக்குத்தான் ஒப்பந்தமே இல்லையே என்றார். மாஸ்டர் பையனின் பெயரைச் சொன்னார். அந்த அம்மாள் மேலும் குழம்பினார்.

"அந்தப் பையனுக்கு நீங்க என்ன வேணும் சார்?"

மாஸ்டர் எதிரே பார்த்தார். கொக்கு நாற்காலியின் நுனியில், முழங்கால் இரண்டும் மேசையை முட்ட, மூச்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தான்.

"ஒண்ணும் வேணாம்மா" என்றார். "நீங்க ஒம்பதாம் பக்கத்த எடுங்க."