மாலையைக் கழற்றச் சொன்னவள்

நல்லதம்பி என்று பெயர் சொன்னால் யாருக்கும் தெரியாது. முகத்தைக் காட்டினால், திருச்சி டவுன் பஸ் கண்டக்டர்கூட டிக்கெட் கிழிப்பதை நிறுத்திவிட்டு, "நீங்க அந்த அப்பாதானே?" என்பார். கதாநாயகியின் அப்பா, வில்லனின் கணக்குப்பிள்ளை, இடைவேளைக்குள் செத்துப்போகும் நல்லவர். முப்பது வருஷமாக அவருக்கு வாய்த்தது இவ்வளவுதான். அதிலும் சாவது அவருக்குக் கைவந்த கலை.

சினிமாக்காரர்களிடம் ஒரு வழக்கம் உண்டு. பிணமாக நடித்தவர் ஷாட் முடிந்ததும் எழுந்து, கேமராவைப் பார்த்துச் சிரிக்க வேண்டும். பிறகு பூசணிக்காய் சுற்றி உடைப்பார்கள். செத்தது பொய் என்று கேமராவுக்கும் சொல்லிவிட வேண்டுமாம். நல்லதம்பி இதில் படு கறார். டைரக்டர் அவசரப்படுத்தினாலும் சரி, சிரிக்காமல் பாடையை விட்டு இறங்க மாட்டார்.

அப்படிப்பட்ட மனுஷன்தான் இந்தத் தப்பைச் செய்தார்.

சென்னையில் ஒரு புது சீரியல். மனைவியை இழந்த அப்பா வேஷம். சுவரில் மாட்ட அந்த மனைவியின் படத்தைக் கொண்டுவர மறந்துவிட்டார்கள். டைரக்டர் கத்தினார். நல்லதம்பி சட்டென்று பர்ஸிலிருந்து தன் மனைவி பிரேமலதாவின் போட்டோவை எடுத்து நீட்டினார். வேலை நிற்கக் கூடாதே என்ற பதற்றம் பாதி, நம் வீட்டுக்காரியும் டிவியில் வருவாள் என்ற பெருமை பாதி. பெரிதாக்கிச் சட்டம் போட்டு, சந்தனப் பொட்டு வைத்து, பிளாஸ்டிக் மாலை மாட்டினார்கள். அந்தப் படத்துக்குப் பூசணிக்காய் உடைக்க யாருக்கும் தோன்றவில்லை. அவருக்கும்தான்.

திருச்சி புத்தூர் வீட்டில், பக்கத்து வீட்டு தஸ்லிமாவோடு உட்கார்ந்து பிரேமலதா அதைப் பார்த்தாள். தஸ்லிமா அவசரமாகச் சேனலை மாற்றினாள். அதற்குள் பார்த்தாகிவிட்டது.

"செத்த மாதிரி நடிச்சா நீங்க சிரிச்சுட்டு எந்திரிச்சு வந்துடறீங்க. என்னை மட்டும் மாலையோட விட்டுட்டு வந்துட்டீங்களே," என்றாள் போனில். "அதைக் கழட்டச் சொல்லுங்க. வேற ஒண்ணும் கேக்கல."

"சொல்றேன்," என்றார். சொல்லவில்லை. அந்தப் படத்தோடு அவர் பேசும் காட்சிதான் வீட்டுக்கு வீடு அழ வைத்தது. முதன்முறையாக விளம்பரத்தில் அவர் முகம். படத்தை மாற்றுங்கள் என்று போய் நின்றால், ஆளையே மாற்றிவிட்டால்? ஊருக்கு வரும்போதெல்லாம் அவள் கேட்டாள். பிறகு கேட்பதை விட்டுவிட்டாள். கோபம் ஆறிவிட்டது என்று அவராக நினைத்துக்கொண்டார். அது எவ்வளவு பெரிய முட்டாள்தனம் என்று இப்போது நினைத்து என்ன செய்ய.

போன மாதம் பிரேமலதாவுக்கு மார்வலி வந்தது. கூப்பிடு தூரத்தில்தான் ஆஸ்பத்திரி. மகள் யமுனா கொண்டுபோய்ச் சேர்ப்பதற்குள் எல்லாம் முடிந்துவிட்டது. அந்த நேரத்தில் நல்லதம்பி செட்டில் நின்று, மாலை போட்ட அவள் படத்திடம் உருகி உருகிப் பேசிக்கொண்டிருந்தார்.

காரியத்துக்கு நாலு நாள் முன்பு, வீட்டில் வைக்கப் படம் தேடினார்கள். இருந்தவை பழைய கல்யாணப் படங்கள்தான்; அந்த சீரியலுக்குப் பிறகு அவள் எந்தக் கேமராவுக்கும் முகம் காட்டவில்லை. வேறு வழியில்லாமல் டைரக்டருக்குப் போன் செய்தார்.

"தாராளமா எடுத்துக்கங்க சார். வேற படம் மாட்டிக்கறோம். அன்னைக்கே ஒரு வார்த்தை சொல்லியிருந்தா மாத்தியிருப்போமே."

படம் வந்தது. கண்ணாடியில் சந்தனம் காய்ந்து ஒட்டியிருந்தது. அதை யமுனா சுரண்டித் துடைத்தாள். ஸ்ரீரங்கம் அம்மா மண்டபத்தில் காரியத்தை முடித்துக்கொண்டு எல்லோரும் வீடு திரும்பியதும், ரோஜா மாலை போட்டு விளக்கேற்றினாள்.

திருவெள்ளறையிலிருந்து வந்திருந்த அவருடைய பெரியம்மா ராக்கம்மாள் மூக்கைச் சிந்திக்கொண்டே, "அப்படியே சீரியல்ல பார்த்த மாதிரியே இருக்கு தம்பி," என்றாள்.

நல்லதம்பி படத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"யமுனா, அந்த மாலையைக் கழட்டிடும்மா."

"என்னப்பா சொல்றீங்க? எல்லாரும் இருக்காங்க."

"உங்கம்மா என்கிட்ட அது ஒண்ணுதான் கேட்டா."

யமுனா கழற்றினாள். சொல்லி முடிக்க அவருக்கு ஒரு நிமிஷம்கூட ஆகவில்லை.