பீசாக்காரர் வீட்டு விருந்தில் லோரிஸ் பாடிய பாட்டு

லோரிஸ் பந்தினெல்லி ராப் பாடிக்கொண்டிருந்த காலத்தில் அவனுக்கு ருஜ்ஜினே என்று பெயர். துரு என்று அர்த்தம். இத்தாலியில், எங்கள் ஊரான லிவோர்னோவின் துறைமுகத்தில் எந்தப் பக்கம் திரும்பினாலும் துருப்பிடித்த சங்கிலியும் பழைய சரக்குப் பெட்டியும்தான் கண்ணில் படும். அதனால் அந்தப் பெயரை அவனே தேர்ந்தெடுத்து வைத்துக்கொண்டான். எங்கள் பேட்டையின் பெயர் ஷாங்காய். சீனாவுக்கும் அதற்கும் ஒட்டும் இல்லை, உறவும் இல்லை. கப்பலில் வேலை செய்தவர்கள் யாரோ வைத்துவிட்டுப் போன பெயர்.

நாங்கள் மூன்று பேர். என் கணவன் நெவியோ கணினியில் தாளம் அமைப்பான். லோரிஸ் வார்த்தைகளைக் கொட்டுவான். நடுநடுவே வரும் பல்லவியை நான் பாடுவேன். என் பெயர் ஈசிதே. சுவரொட்டியில் அந்தப் பெயரைப் பார்த்தவர்கள் குறைவு. கூட்டம் வந்தது லோரிஸின் வாய்க்காகத்தான். அவன் வேகத்துக்கு ஈடுகொடுக்க அந்தக் கரையில் ஆளே கிடையாது. துறைமுக முதலாளிகளைத் திட்டுவான், நகராட்சியைத் திட்டுவான், வாடகைக்காரர்களை வெளியே தள்ளும் வீட்டுக்காரர்களைத் திட்டுவான். எல்லாவற்றுக்கும் மேலாக, சாய்ந்த கோபுரம் நிற்கிற பக்கத்து ஊரான பீசாவைத் திட்டுவான். ஒரு காலத்தில் துறைமுகமாக இருந்து, கடல் விலகிப்போன ஊர் அது. லிவோர்னோவில் பிறந்த குழந்தை அம்மா என்று சொல்வதற்கு முன்னால் பீசாவைத் திட்டப் பழகிவிடும் என்பது எங்கள் ஊர்ப் பெருமை. அவன் பாட்டுகளிலேயே அதிகம் ஓடியது அந்தப் பாட்டுதான். நேராக நிற்கத் தெரியாத ஊரே, கடலைத் தொலைத்த ஊரே, எங்கள் கரைக்கு எதற்கு வருகிறாய் என்று அது தொடங்கும். கூட்டம் முழுவதும் அவனோடு சேர்ந்து கத்தும்.

ஒரு வசந்த காலத்தில், க்ரோசெத்தோ ஊரில் அதே பாட்டின் நடுவில் அவன் குரல் நின்றுபோனது. வாய் அசைகிறது, சத்தம் இல்லை. ஒலிவாங்கி கெட்டுவிட்டது என்று நினைத்து நெவியோ கம்பியை மாற்றினான். கெட்டது ஒலிவாங்கி இல்லை.

கடப்பாரை பிடிக்கிற கையில் வருவதுபோல் குரல் நாண்களில் காய்ப்பு விழுந்திருக்கிறது என்றார் மருத்துவர். சில வாரங்களுக்குப் பேச்சே கூடாது, கிசுகிசுப்பதும் கூடாது, அதன்பிறகு குரல் பயிற்சி. பழையபடி கத்தினால் கத்தி வைக்க வேண்டியிருக்கும், அப்போது குரல் திரும்புமா என்று யாராலும் சொல்ல முடியாது என்றும் சொல்லிவிட்டார். லோரிஸ் தலையை மட்டும் ஆட்டினான். வெளியே வந்ததும் என் தோளில் கை போட்டுக்கொண்டு வண்டி நிற்கும் இடம் வரை நடந்தான். பேசாமல் இருக்கும் லோரிஸை நான் அன்றுதான் முதலில் பார்த்தேன். பயமாக இருந்தது.

அந்த மௌன வாரங்களில் ஒரு ஞாயிற்றுக்கிழமை, அவன் அம்மா தனிலா எங்களையும் மதியச் சாப்பாட்டுக்குக் கூப்பிட்டிருந்தாள். தனிலாவுக்குக் கூரை போட்ட சந்தையில் மீன் கடை. புருஷன் துறைமுகத்தில் பாரந்தூக்கி ஓட்டியவர், இறந்து வெகு காலம் ஆகிறது. நவரை மீனைத் தக்காளியில் வேகவைத்து, அதைச் சட்டியோடு மேசையில் வைத்துவிட்டு, உட்காராமல் நின்றபடியே பேசினாள்.

"லோரிஸ், நான் கல்யாணம் பண்ணிக்கப் போறேன்டா."

லோரிஸின் முகம் மலர்ந்தது. எழுந்து அவளைக் கட்டிக்கொண்டான்.

"ஆளு பேரு ஃபெருச்சோ. பஸ் ஓட்டறாரு. நல்ல மனுஷன். மீனை மோந்து பாக்காம வாங்கிட்டுப் போவாரு, அவ்வளவு நம்பிக்கை." சற்று நிறுத்தினாள். "பீசாக்காரர்."

அவன் கைகளை எடுத்துவிட்டான். வாய் திறந்தது. நெவியோ எழுந்து, மருத்துவர் சொன்னது நினைவிருக்கட்டும் என்பதுபோல் தன் தொண்டையைத் தொட்டுக் காட்டினான். திறந்த வாய் மூடிக்கொண்டது. மேசையை ஒரு அடி அடித்தான். பிறகு கைபேசியை எடுத்து, ஏன் என்ற ஒரே கேள்வியைப் பெரிய எழுத்தில் அடித்து அம்மா முகத்துக்கு நேராக நீட்டினான்.

"ஏன் அவருன்னு கேக்கறியா, ஏன் இப்ப சொல்றேன்னு கேக்கறியா? அவரு ஏன்னா, எனக்குப் பிடிச்சிருக்கு. இப்ப ஏன்னா, உனக்குத் தொண்டை சரியானப்புறம் சொன்னா என்னைப் பேசவே விடமாட்டே."

நான் சிரிப்பை அடக்கப் பார்த்தேன், முடியவில்லை. நெவியோவும் சிரித்துவிட்டான். லோரிஸ் எங்கள் இருவரையும் முறைத்தான். பிறகு அவன் தோள்களும் குலுங்கத் தொடங்கின. சத்தமே இல்லாமல், கண்ணில் நீர் வர, அவன் சிரித்ததை நான் மறக்கமாட்டேன். தனிலா அதன்பிறகுதான் உட்கார்ந்து மீனைப் பரிமாறினாள்.

குரல் பயிற்சி தொடங்கியது. தண்ணீர்க் குவளையில் உறிஞ்சுகுழலை வைத்து, குமிழி கிளம்ப நீளமாக ஊ என்று ஊத வேண்டும். பிறகு ம் என்று ஒரே சுருதியில் இழுக்க வேண்டும். ஒரு மூச்சில் நூறு சொல் சொன்னவனை ஒரே சொல்லில் நிறுத்தி வைத்தார்கள். முதலில் அவனுக்கு அவமானமாக இருந்தது. எங்கள் முன்னால் செய்யமாட்டான். நாங்கள் பாட்டுப் பதிவு செய்யும் வண்டிக் கொட்டகைக்கு, யாரும் இல்லாத நேரம் பார்த்துப் போய்ச் செய்துகொள்வான்.

ஒருநாள் காலையில் நான் கொட்டகைக்குப் போனபோது உள்ளே வானொலி பாடுவதுபோல் இருந்தது. ஆண் குரல், அடியில் கொஞ்சம் கரகரப்பு, மேலே போகப் போகத் தெளிவு. கதவைத் திறந்தால் லோரிஸ் கண்ணை மூடிக்கொண்டு நிற்கிறான். என் பல்லவிகளில் ஒன்றைத்தான் பாடிக்கொண்டிருந்தான். உண்மையைச் சொன்னால், முதலில் எனக்குப் பொறாமையாக இருந்தது. எங்கள் மூவரில் பாடத் தெரிந்தவள் நான் ஒருத்திதான் என்று அதுவரை நினைத்திருந்தேன்.

என்னைப் பார்த்ததும் திருடனைப்போல் விழித்து, பயிற்சிதான் செய்கிறேன் என்று முனகினான்.

"இது வைத்தியம்னா, அந்த டாக்டர் சீட்டை எனக்கும் எழுதி வாங்கிக் குடுடா," என்றேன்.

கல்யாணம் எங்கள் ஊர் நகராட்சிக் கட்டடத்தில் நடந்தது. விருந்து மட்டும் பீசாவுக்கு அப்பால், மலையடியில் ஃபெருச்சோவின் அக்கா ஒர்னெல்லாவின் ஒலிவத் தோட்டத்தில். லோரிஸ் சாம்பல் நிறக் கோட்டு போட்டுக்கொண்டு, எதிரிக் கோட்டைக்குள் நுழைகிறவனைப்போல் வந்தான். ஃபெருச்சோ மெலிந்த, அமைதியான மனிதர். அவனோடு கை குலுக்கிவிட்டு, பயணம் சௌகரியமாக இருந்ததா என்று மட்டும் கேட்டார். முயல் வறுவலும் அவரை சூப்பும் வந்தன. எதைச் சாப்பிட்டாலும் லிவோர்னோவில் இதைவிட நன்றாக இருக்கும் என்று லோரிஸ் என் காதில் சொன்னான். சொல்லிக்கொண்டே இரண்டாம் முறையும் வாங்கிச் சாப்பிட்டான்.

இனிப்பு வருவதற்கு முன் ஒர்னெல்லா அவன் எதிரில் வந்து நின்றாள். நல்ல உயரம், இடுப்பில் சமையல் துணி.

"எங்க ஊரைத் திட்டிப் பாடற பிள்ளை நீதானே, தம்பி?"

லோரிஸ் ஆமாம் என்று தலையசைத்தான்.

"என் அக்கம்பக்கத்துப் பசங்க எல்லாம் அந்தப் பாட்டைக் கேக்கறானுங்க. ஒருதடவை நேராக் கேட்டுடறேன். பாடு."

தனக்குத் தொண்டை சரியில்லை, வேகமாகப் பாட மருத்துவர் தடை போட்டிருக்கிறார் என்று லோரிஸ் மெதுவாகச் சொன்னான். திட்டுகிறபோது இருந்த தொண்டை, திட்டப்பட்டவர்கள் எதிரில் வரும்போது மட்டும் எங்கே போயிற்று என்று அவள் கேட்டாள். அவள் பக்கத்து ஆட்கள் சிரித்தார்கள். அப்போது ஃபெருச்சோ மேசையின் மறுமுனையிலிருந்து எழுந்தார்.

"விடு அக்கா. நம்ம வீட்டுப் பிள்ளைக்கு உடம்பு சரியில்ல. நல்லானதும் வந்து திட்டுவான், எல்லாருமாக் கேக்கலாம்."

நம்ம வீட்டுப் பிள்ளை என்றது லோரிஸுக்குள் எங்கேயோ போய்ப் பட்டிருக்க வேண்டும். நாற்காலியை நகர்த்திவிட்டு எழுந்தான். உறவுக்காரர் ஒருவர் கிதார் வைத்திருந்தார். அவரிடம் ஒரு சுருதியைக் கேட்டு வாங்கிக்கொண்டு, அந்தப் பாட்டையே பாடினான். ஒரு சொல்லைக்கூட மாற்றவில்லை. வேகத்தை மட்டும் விட்டுவிட்டான். நேராக நிற்கத் தெரியாத ஊரே என்று இழுத்தபோது முதலில் சிரிப்பு வந்தது. கடலைத் தொலைத்த ஊரே என்ற இடத்தில் சிரிப்பு நின்றது. எங்கள் கரைக்கு எதற்கு வருகிறாய் என்று அவன் கேட்டபோது, அது ஒரு ஊரைப் பார்த்துக் கேட்டதாகவே இல்லை. சண்டை போட்டுக்கொண்டே வாசலைப் பார்த்து நிற்கிற ஒருவன், கடைசியில் வந்துவிட்ட காதலியிடம் கேட்கிற கேள்வியாக இருந்தது. இரண்டாம் சுற்றில் நானும் மேல் சுருதியில் சேர்ந்துகொண்டேன். யாரும் கூப்பிடவில்லை. சேராமல் இருக்க என்னால் முடியவில்லை.

முடிந்ததும் ஃபெருச்சோ கைக்குட்டையைத் தேடினார். தனிலா தன்னுடையதைக் கொடுத்தாள்.

"இது எங்களைத் திட்டற பாட்டுதானே?" என்றாள் ஒர்னெல்லா. "அப்ப எனக்கு ஏன் செத்துப்போன என் வீட்டுக்காரர் ஞாபகம் வருது?"

யாரோ அதைக் கைபேசியில் படம் பிடித்துவிட்டிருந்தார்கள். அடுத்த வாரத்துக்குள் பீசாவில் பாதிப் பேர், பிறகு எங்கள் மாநிலமான தஸ்கனியில் பாதிப் பேர் அதைப் பார்த்தார்கள். மிலானிலிருந்து ஒரு இசை நிறுவனத்துக்காரர் பேசினார். அந்தப் பாட்டை அப்படியே பதிவு செய்து தரவேண்டும், இதேபோல் இன்னும் சில பாட்டுகள் வேண்டும், பாப் பாடகனாக அவனை நாடு முழுக்க அழைத்துப் போகிறோம் என்றார்.

லோரிஸ் உடனே சம்மதிக்கவில்லை. கொட்டகைக்கு வந்து, கவிழ்த்த பழப்பெட்டியில் உட்கார்ந்து, நெவியோவின் கணினியையே பார்த்துக்கொண்டிருந்தான். ருஜ்ஜினே என்ற பெயரை விடுவதா என்பது ஒரு கவலை. இன்னொன்றை என்னிடம் கேட்டான்.

"நான் பாட ஆரம்பிச்சா நீ என்ன பண்ணுவே ஈசிதே?"

"மெட்டு போடுவேன்."

"இத்தனை நாள் ஏன் போடலே?"

"நீ எங்கேடா மூச்சு விட்டே, நான் நடுவில நுழைய?"

அவன் சிரிக்கவில்லை. என் கையைப் பிடித்து, இனிமேல் விடுகிறேன் என்றான். அந்த மாதமே நான் மெட்டுப் போட்ட முதல் பாட்டைப் பதிவு செய்தோம். சுவரொட்டியில் ருஜ்ஜினே இல்லை. லோரிஸ் பந்தினெல்லி, அதன் கீழே அதே அளவு எழுத்தில் என் பெயர். அப்படிப் போட்டால்தான் வருவேன் என்று மிலான்காரரிடம் சொன்னது அவன்தான்.

நாடு அவனை ஏற்றுக்கொண்டது. தகராறு எங்கள் ஊரில்தான். அடுத்த வருடக் கோடையில் கடற்கரைச் சதுக்கத்தில் முதல் கச்சேரி. சூரியன் மறையும் நேரம், கறுப்பு வெள்ளைக் கட்டம் போட்ட தரை முழுக்கக் கூட்டம். அவன் மேடை ஏறியதும் பாதிப் பேர் கைதட்டினார்கள், பாதிப் பேர் கேலியாகச் சீழ்க்கை அடித்தார்கள். மெதுவாகப் பாடுவதை மன்னித்தாலும், பீசாக்காரன் வீட்டில் முயல் தின்றதை அவர்களால் மன்னிக்க முடியவில்லை. முன்வரிசையில் மொரேனோ நின்றிருந்தான். கப்பல் பட்டறையில் பற்றவைக்கும் வேலை செய்பவன், எங்கள் முதல் ரசிகன். சட்டைக் கையைச் சுருட்டி, ருஜ்ஜினே என்று பச்சை குத்திய கையைத் தூக்கிக் காட்டினான்.

"பீசாவிலயே இருந்துக்க வேண்டியதுதானே?"

"இருந்திருப்பேன் மொரேனோ," என்றான் லோரிஸ் ஒலிவாங்கியில். "அங்க மீன் நல்லா இல்ல."

கூட்டம் சிரித்தது. மொரேனோ சிரிக்கவில்லை.

"பேரை மாத்திட்டு நீ போயிட்டே. நான் இதை என்ன பண்றது? இரும்பு வேலை பாக்கறவன் கையில துருன்னு எழுதியிருக்கு. பட்டறையே என்னைப் பாத்துச் சிரிக்குது."

லோரிஸ் மேடை விளிம்புக்கு வந்து குனிந்தான். மன்னிச்சுக்கடா, எனக்கு வேற வழி இல்ல, இப்படிப் பாடறது எனக்குப் பிடிச்சும் இருக்கு என்றான். நெவியோவைப் பார்த்துத் தலையசைத்தான். நாங்கள் பாடினோம். கொஞ்சம் பேர் முதுகைக் காட்டிக்கொண்டு போனார்கள், மொரேனோவும் போனான். மற்றவர்கள் இருந்தார்கள். கடைசியில் தரையில் உட்கார்ந்துகூடக் கேட்டார்கள்.

மறுநாள் மதிய இடைவேளையில் லோரிஸ் பட்டறை வாசலுக்குப் போனான். கடலை மாவு அடை வைத்த ரொட்டி இரண்டு வாங்கிக்கொண்டு போனான். மொரேனோ ரொட்டியை வாங்கிக்கொண்டான். புதுப் பாட்டு தனக்கு ஆகாது என்று முகத்துக்கு நேராகச் சொல்லிவிட்டான். ஆனால் தன் மனைவி அதைச் சமையலறையில் நாள் முழுக்க ஓடவிடுகிறாள், அவள் சந்தோஷமாக இருந்தால் வீட்டில் சோறு ருசியாக இருக்கிறது, அந்த வகையில் லாபம்தான் என்றான். இன்றுவரை அவன் எங்கள் கச்சேரிக்கு வந்ததில்லை. லோரிஸ் மாதம் ஒருமுறையாவது அவனோடு போய்ச் சாப்பிடுகிறான்.

இப்போது லோரிஸுக்கு முன்னந்தலையில் முடி குறைந்துவிட்டது. பெரிய மைதானங்களை நிரப்பும் பாடகன் அல்ல அவன். நகர அரங்குகள், கோடையில் ஊர்ச் சதுக்கங்கள், கல்யாணங்களில் யாரோ அவன் பாட்டைப் பாடுவது, இவ்வளவுதான். இது போதும் என்று அவன் சொல்லும்போது நான் நம்புகிறேன், ஏனென்றால் எனக்கும் போதும். ஃபெருச்சோ ஓய்வு பெற்றதும் எங்கள் வண்டியை அவரே ஓட்ட வந்துவிட்டார். வண்டிக்குள் யாரும் சாப்பிடக்கூடாது என்பது அவர் சட்டம். தனிலாவுக்கு மட்டும் விலக்கு.

போன வாரம் பாரி நகரத்தில் கச்சேரி. காலையில் துறைமுகச் சுவரோரம் மீனவர்கள் ஆக்டோபஸ் என்கிற சாக்குக்கணவாயைக் கல்லில் அடித்து மென்மையாக்கிக்கொண்டிருந்தார்கள். தனிலா ஒவ்வொரு கூடையாகக் குனிந்து பார்த்து, அவர்கள் அடிப்பது சரியில்லை என்று குறை சொல்லிக்கொண்டே போனாள். ஃபெருச்சோ பின்னால் பையைத் தூக்கிக்கொண்டு நடந்தார். நானும் லோரிஸும் சுவரில் உட்கார்ந்திருந்தோம். முந்தின நாள் வண்டியில் எனக்குத் தோன்றிய ஒரு மெட்டை அவனுக்கு முனகிக் காட்டினேன். அவன் இரண்டு முறை கேட்டுவிட்டு, இதற்கு வார்த்தை கொஞ்சமாகப் போதும் என்றான். பிறகு காலைத் தொங்கப்போட்டுக்கொண்டு, வெயிலில் கண்ணைச் சுருக்கியபடி, ஒவ்வொரு வார்த்தையாகத் தேட ஆரம்பித்தான்.