படுக்கச் சொன்னவர்கள்

காலையிலிருந்து ஷர்லி டீ போட்டபடியே இருந்தாள். ஜெகதாப்பட்டினத்தில் ஒருவர் படுத்துவிட்டால், பார்க்க வராதவர்கள் பகையாளிகள். அவளுடைய மாமனார் சவரியப்பன் ஐஸ் பிளாண்ட்டின் ஈரத் தரையில் வழுக்கி விழுந்து தொடை எலும்பை முறித்துக்கொண்டார். ஆபரேஷன் முடிந்து வீடு வந்த நாளிலிருந்து ரொட்டியும் ஆப்பிளும் ஹார்லிக்ஸுமாக ஆட்கள் வந்துகொண்டே இருந்தார்கள். அவர்களுக்கு வசதியாகக் கட்டிலை முன்னறையிலேயே போட்டிருந்தார்கள்.

டாக்டர் தெளிவாகத்தான் சொல்லி அனுப்பியிருந்தார். தகடு வைத்த காலாக இருந்தாலும் வாக்கரைப் பிடித்துத் தினமும் எழுந்து நிற்க வேண்டும், கொஞ்சம் கொஞ்சமாக நடக்க வேண்டும். வேலை கொடுத்தால்தான் சதை பிடிக்கும், பாரம் விழுந்தால்தான் எலும்பு இறுகும். சும்மா கிடந்தால் இரண்டும் கரையும். ஷர்லி அப்படியே செய்தாள். பெரியவர் அடுப்படி வரை போய்வரத் தொடங்கியிருந்தார்.

அந்த நேரம் பார்த்து வந்தாள் அவருடைய தங்கை காத்தாயி. அண்ணன் வேர்த்து நடுங்கி நிற்பதைக் கண்டதும் வாயில் அடித்துக்கொண்டாள். எலும்பு ஒட்டாத மனுஷனை மருமகள் வேலை வாங்குகிறாள் என்ற பேச்சு அன்று சாயங்காலத்துக்குள் மீன் ஏலம் நடக்கிற இடம் வரை போய்விட்டது. ஷர்லியின் கணவன் நிலவழகன் நல்லவன்தான், ஆனால் ஊர் வாய்க்குப் பயந்தவன். நன்றாக ஒட்டுகிறவரை அப்பா படுக்கட்டும் என்று சொல்லி வாக்கரைத் தூக்கிப் பரண்மேல் போட்டுவிட்டான். ஷர்லி எடுத்துச் சொல்லிப் பார்த்தாள். பிறகு விட்டுவிட்டாள். அலுப்பு அப்படி.

ஊரே பாசமாகப் படுக்கச் சொன்னது, அவரும் படுத்தார். முதலில் முதுகு வலித்தது, பிறகு பசி போனது, கடைசியில் எழுந்து உட்காரவே ஆள் வேண்டியிருந்தது. வந்தவர்கள் டீ குடித்துவிட்டுப் போனார்கள். கக்கூசுக்குத் தூக்கிக்கொண்டு போக ஷர்லி மட்டும்தான் இருந்தாள்.

ஒரு மத்தியானம், நிலவழகன் கடலுக்குப் போயிருந்தபோது, மாமனாரைத் தூக்கி நிறுத்தியவளுக்கு இடுப்பு பிடித்துக்கொண்டது. இருவரும் சுவரோடு சரிந்து தரையில் உட்கார்ந்துவிட்டார்கள். நல்லவேளை, அடி இல்லை. விலகிய கைலியை இழுத்து மூடப்போன சவரியப்பன் தன் கால்களையே பார்த்தார். ஆடுகிற போட்டில் நின்று வலை இழுத்த கால்கள்.

“ஒடைஞ்சது வலது காலு. எடது காலு ஏம்மா இப்புடிச் சூம்பிப் போச்சு?”

“அதையும் சேத்துத்தானே மாமா படுக்கப் போட்டோம்” என்றாள் ஷர்லி.

பெரியவர் அழுதார். அவளுக்குத் தேற்றக்கூடத் தெம்பில்லை.

மறுநாள் கடலிலிருந்து வந்த மகனிடம் பரணில் கிடப்பதை எடுக்கச் சொன்னார். அந்தக் குரலைக் கேட்டதும் அவன் ஏறி வாக்கரை இறக்கிக் கொடுத்தான். இந்த முறை நடப்பது முன்னைவிடச் சிரமமாக இருந்தது. சும்மா எழுந்து நின்றதற்கே தொடை கடுத்தது. ஓய்வு கொடுத்து மறுபடி நின்றார். ஜன்னல் வரை போனார். பிறகும் எத்தனையோ காலைகள் அதே அழுகையும் அதே எரிச்சலுமாகத்தான் போயின. ஆனால் ஷர்லி தூக்க வேண்டிய பாரம் மெல்லக் குறைந்தது.

காத்தாயி மறுபடி ரொட்டியோடு வந்தபோது அண்ணன் வாக்கரோடு வாசல்படி அருகே நின்றுகொண்டிருந்தார். கால் நடுங்கத்தான் செய்தது. எதற்கு இந்த வம்பு, போய்ப் படுங்கள் என்றாள் அவள், ஷர்லியை முறைத்தபடி.

“நீங்கள்லாம் பாசமாத்தான் படுக்கச் சொன்னீங்க” என்றார் சவரியப்பன். “அந்தப் பாசத்துல நல்லா இருந்த காலும் போச்சு. நோவுல கெடந்தாலும் ஒடம்புக்கு அதால ஆன வேலையக் குடுக்கணும் ஆத்தா. குடுக்கலேன்னா அது வேலையவே மறந்துரும். இனிமே வந்தா ரொட்டி வாங்கியாராத. தெருமொனை வரைக்கும் எங்கூட நடந்துட்டுப் போ.”

ரொட்டியை எங்கே வைப்பதென்று காத்தாயிக்குத் தெரியவில்லை. பிறகு அதை இடுக்கிக்கொண்டு அண்ணனோடு மெதுவாகப் படியிறங்கினாள்.

முன்னறைக் கட்டில் காலியாகக் கிடந்தது. ஷர்லி டீ போடவில்லை. போய் அதில் படுத்துக்கொண்டாள்.