ஒற்றுப் பிழை

"அக்கா, நம்ம கேம் வந்திடுச்சு!"

ஓவியக்காரி போட்ட கூச்சலில் கேமை உருவாக்கியவளுக்குச் சந்தோஷம் வரவில்லை. கேம் வெளியாக வேண்டியது வெள்ளிக்கிழமை. இன்று செவ்வாய்தான்.

ஓடிப்போய்த் திரையைப் பார்த்தாள். 'கள்ளப்பெட்டி' இணையதளம். ஊரான் உழைப்பையெல்லாம் அடுக்கி வைத்து, 'இலவசம், இலவசம்' என்று கூவிக் கூவிக் கொடுக்கும் தளம். முதல் வரிசையிலேயே அவர்கள் கேம். மூன்று வருடமாக அவள் கண்விழித்து உருவாக்கிய கேம். அதற்குள் பதினோராயிரம் பேர் இறக்கியிருந்தார்கள்.

கீழே கருத்துகள் வேறு. 'ஒரு கதவும் தொறக்கல. ஓசிக்குக் கூட தேறாது.' 'இதுக்கு வெள்ளிக்கிழமை காசு வேற கேப்பாங்களாம், நல்ல கூத்து!'

"அட பாவிங்களா, அது ரெண்டு மாசத்துக்கு முந்தின சோதனைப் பிரதிடா! கதவெல்லாம் அப்புறம்தானேடா வெச்சேன்!" என்று திரையைப் பார்த்தே திட்டினாள்.

போன் அடித்தது. கேமை வெளியிட ஒப்பந்தம் போட்டிருந்த கம்பெனியின் மேனேஜர். வணக்கம்கூடச் சொல்லவில்லை.

"மூணு மணிக்குள்ள யார் குடுத்ததுன்னு எனக்குத் தெரியணும்மா. அந்த ஆளு உள்ளயே இருக்கறவரைக்கும் உங்க கேமை நாங்க தொட மாட்டோம். வெள்ளிக்கிழமையும் கிடையாது, ஒப்பந்தமும் கிடையாது."

"சார், ஒரு நிமிஷம்..."

வைத்துவிட்டார். மணி இரண்டு பத்து.

"போகட்டும். அஞ்சே நிமிஷத்துல ஆளைப் புடிக்கறேன் பாரு" என்றாள் அவள்.

அவளிடம் ஒரு ரகசியம் இருந்தது. சோதனைப் பிரதி போனது ஐந்தே பேருக்கு. ஓவியக்காரி, இசை போட்டவர், விளையாடிப் பார்க்க வைத்த இருவர், அப்புறம் கேமுக்கு வசனம் எழுதிய அவளுடைய அண்ணன். கேமின் இரண்டாம் கட்டத்தில் ஒரு பூட்டுக் கடை வரும். அதன் பலகையில் ஐந்து பேருக்கும் ஐந்து விதமான எழுத்துப்பிழையை யாருக்கும் சொல்லாமல் வைத்திருந்தாள். ஒருவர் பிரதியில் 'பளைய', இன்னொருவருடையதில் 'பளுது'. எந்தப் பிழை வெளியே வருகிறதோ, அந்த ஆள் மாட்டினான்.

கள்ளப்பெட்டியிலிருந்து தன் கேமையே திருட்டுத்தனமாக இறக்கினாள். அந்தக் கேவலத்துக்கே பற்றிக்கொண்டு வந்தது. ஓடவிட்டு, பூட்டுக் கடை வாசலில் போய் நின்றாள்.

பலகையில் ஒரு பிழையும் இல்லை.

'பழைய பூட்டுகள் பழுது பார்க்கப்படும்.' அட்சர சுத்தம்.

ஓவியக்காரி மென்று விழுங்கினாள். "அக்கா... பிழை இல்லாத பிரதி யார்கிட்ட இருக்கு?"

"என்கிட்ட."

"அப்போ..."

"அப்போ என்னடி? நானே என் வீட்டுக்குக் கொள்ளி வெச்சேங்கறியா?"

"நான் சொல்லலக்கா. மேனேஜர் சொல்வாரே!"

சொல்வார்தான். மணி இரண்டு முப்பத்தைந்து. காதெல்லாம் சூடாகிவிட்டது. தன் கணினியில் இருந்த மூலப் பிரதியையும் திறந்து, இரண்டு பலகைகளையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்தாள். முதல் வரி ஒன்றுதான். இரண்டாவது வரிக்கு வந்தாள்.

அவளுடையதில், 'சாவியை கொடுத்து செல்லவும்.'

திருட்டுப் பிரதியில், 'சாவியைக் கொடுத்துச் செல்லவும்.'

ஒரு 'க்'. ஒரு 'ச்'. அவள் அவசரத்தில் விட்ட இரண்டு ஒற்று. அவளே கவனிக்காத பிழையை எவனோ திருடிக்கொண்டு போகிற வழியில் திருத்தியிருக்கிறான்!

ஓவியக்காரியும் பார்த்துவிட்டாள். "அக்கா, நம்ம ஆபீஸ்ல கல்யாணப் பத்திரிகை வந்தாக்கூட சிவப்புப் பேனாவோட பாயற ஆளு..."

"வாயை மூடு" என்றாள் அவள் ஆத்திரத்தோடு.

உள்ளறைக் கதவைத் தள்ளினாள். பத்திரிகையில் பதினெட்டு வருடம் பிழை திருத்திய அண்ணன், கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றினான்.

"என்ன பாப்பா, பேய் மாதிரி நிக்கறே?"

"பூட்டுக் கடை பலகையைத் திருத்தினியா?"

"திருத்தாம? வசனக் கோப்புலயே 'பளுது'ன்னு போட்டிருக்கே! பார்த்தவன் காறித் துப்ப மாட்டான்? அதோட ஒற்று வேற ரெண்டு..."

பாதியில் நிறுத்தினான். முகம் வெளுத்தது.

"ஏண்ணா?"

"பின்ன என்ன? அந்த மேனேஜர் என் வசனத்துல பாதியை வெட்டினான். நீயும் சரி சரின்னு தலையாட்டினே. முழுசா இருக்கறது அந்தப் பழைய பிரதியிலதான். நாலு பேராவது முழுசா படிக்கட்டுமேன்னு..."

"படிக்கறாங்களா? வா, வந்து பாரு! கதவு தொறக்கலைன்னு காறித் துப்பறான் ஒவ்வொருத்தனும்! உன் வசனத்தைப் பத்தி ஒருத்தன், ஒரே ஒருத்தன் பேசியிருக்கானா காட்டு!"

அவன் எழுந்து வரவில்லை. "விளையாடிப் பார்த்தவங்கள்ல யாரையாவது சொல்லிடேன் பாப்பா. அவங்க யாரோ எவரோ. நான் உன் கூடப் பிறந்தவன்."

அதுவரை கொதித்துக்கொண்டிருந்தது அப்போதுதான் பொங்கி வழிந்தது.

"திருடினதுகூடப் பரவாயில்லை, இன்னொருத்தன் தலையில கட்டப் பார்க்கறே பாரு!"

அவன் எதிரிலேயே மேனேஜருக்குப் போன் போட்டாள்.

"ஆள் கிடைச்சாச்சு சார். என் அண்ணன்."

"அவர் உங்க கம்பெனியில பங்குதாரர் ஆச்சேம்மா?"

"இன்னிக்கு மூணு மணி வரைக்கும்."

"எழுத்துல வேணும்."

"வரும் சார்."

வைத்தாள். அண்ணனின் திரை அணைந்து, கடவுச்சொல் கேட்டது. அவன் அடித்தான். ஏற்கவில்லை. பேச்சைக் கேட்டுக்கொண்டிருந்த ஓவியக்காரி வெளியறையிலிருந்தே அதை மாற்றிவிட்டிருந்தாள்.

"அம்மாகிட்ட என்னன்னு சொல்லுவே?"

"நான் ஏன் சொல்லணும்? வசனம் எழுதறவன் நீதானே, நீயே எழுதிக்கோ."

அவன் கண்ணாடியை உறையில் போட்டுக்கொண்டு படியிறங்கினான். அவள் திரும்பிப் பார்க்கவில்லை. கள்ளப்பெட்டியைத் திறந்தாள். பதினாலாயிரம். நீக்கச் சொல்லிப் புகார் கொடுக்கும் பக்கத்தைத் தேடிப் பிடித்தாள். எழுத ஆரம்பிக்கும் முன்னே ஒரு கட்டம் குறுக்கே வந்து நின்றது.

'நீங்கள் மனிதர்தானா?'

"கேக்கற மூஞ்சியைப் பாரு!" என்று பல்லைக் கடித்தபடி அதில் ஓங்கிக் குத்தினாள்.