சிவப்புப் புடவை

மேனாம்பேட்டுப் பொதுக்கிணறு எப்படி இருந்தது என்று கேட்டால் ஆளுக்கொன்று சொல்லிக் குழப்புவார்கள் என்றுதான் எழிலரசி பயந்திருந்தாள். நடந்தது அதைவிடக் கேவலம். மூன்று நாளாக ஆவணப்படத்துக்காகக் கேமராவோடு அலைகிறாள், அத்தனை பேரும் ஒரே பதிலைச் சொல்லி உயிரை வாங்குகிறார்கள்.

"நாலு கல்தூணு, பக்கத்துல புளியமரம். உங்கம்மா செவப்பு பொடவ கட்டிகினு தண்ணி சேந்துவாங்க" என்றார் ஊர்ப் பெரியவர் வீராசாமி. ஜம்புலிங்கமும் அதையேதான் ஒப்பித்தார்.

ஒப்பிக்க மாட்டார்களா? எல்லாம் இவள் செய்த வேலை. ஊர்க் கிணற்றைத் தூர்த்து அடுக்குமாடி கட்டி இருபது வருடமாகிறது. அதனால் திருநின்றவூர்ப் பக்கம் ஒரு தோப்புக் கிணற்றில் கேமராமேன் கிஷோரின் மனைவி ரோஷினியை நிறுத்தி, முதுகுப்பக்கமாக எடுத்தாள். தோப்பில் பச்சை எடுபடாது என்று கிஷோர்தான் சிவப்புக் கட்டச் சொன்னான். அதை டிரெய்லரில் சேர்த்து, பழைய ஆட்கள் பேச முன்வரட்டும் என்று ஊர் வாட்ஸ்அப் குழுவிலும் போட்டுவிட்டாள் புண்ணியவதி. இது எங்கள் கிணறு இல்லை என்று ஒரு வரி எழுதியிருக்கக் கூடாதா?

அம்மா சரசா செத்துப்போனபோது எழிலரசிக்கு நாலு வயது. வீட்டில் ஒரு போட்டோகூடக் கிடையாது. அவளிடம் இருப்பதெல்லாம், கிணற்றடியில் அம்மா ஈர முந்தானையால் முகம் துடைத்துவிட்ட ஞாபகம் ஒன்றுதான். வெளுத்த பச்சை முந்தானை. அம்மாவைக் கண்ணால் பார்த்த ஒருவர் வாயால் இன்னும் ஒன்று கேட்டுவிட வேண்டும், அதற்காகத்தான் இந்தப் படமே.

மிச்சமிருந்தது வேம்புலியம்மாள். அம்மாவோடு மண்ணூர்பேட்டைக் கம்பெனிக்கு வேலைக்குப் போனவள். டிரெய்லர் போடுவதற்கு முன்பே ஒருநாள், "எயிலு, உங்கம்மா கெணத்தாண்ட இன்னா பண்ணுவா தெரியுமா?" என்று ஆரம்பித்தாள். எழிலரசிதான் பாய்ந்து தடுத்தாள்.

"ஐயோ அத்தே, இப்பவே சொல்லிடாதீங்க. கேமரா முன்னாடி முதல் தடவையா சொன்னாதான் நல்லா வரும்."

எல்லாரிடமும் அப்படித்தான் சொல்வாள். தொழில் பழக்கம்.

இன்று கிஷோரின் கேமரா ஓடியது. வேம்புலியம்மாள் தலைவாரிப் பூ வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள்.

"செவப்பு பொடவ கட்டிகினு..."

"அத்தே! அது எங்கம்மா இல்ல, இவரு சம்சாரம்! நான் எடுத்த படம் அது!" எழிலரசி கத்தியேவிட்டாள். "அன்னிக்கு ஏதோ சொல்ல வந்தீங்களே, அதச் சொல்லுங்க."

வேம்புலியம்மாள் நெற்றியைத் தேய்த்துக்கொண்டாள். வெகுநேரம் தேய்த்தாள்.

"சொல்ல வந்தேன்தான்... இன்னாது அது? கண்ண மூட்னா அந்தப் பொண்ணுதான் வந்து நிக்கிது. அன்னிக்கே உட்டிருந்தீன்னா சொல்லிருப்பேன் கண்ணு."

கிஷோர் கேமராவை அணைத்தான்.

தெருவுக்கு வந்த எழிலரசிக்குத் தன்னையே செருப்பால் அடித்துக்கொள்ளலாம் போல ஆத்திரம் வந்தது. ஊர் எக்கேடோ கெட்டுப் போகட்டும், தன்னிடம் இருப்பதை யார் என்ன செய்ய முடியும்? சுவரில் சாய்ந்து கண்களை இறுக்க மூடிக்கொண்டாள். அம்மாவின் கை வந்தது. முகத்தில் முந்தானையின் ஈரம்கூட வந்தது.

முந்தானை சிவப்பாக இருந்தது.