பதுக்கிவைத்த யோசனைகள்

எங்கள் தொழிற்சாலையில் ஆளுக்கு மாதம் ஒரு யோசனை கட்டாயம். வேலையை இன்னும் சுலபமாகச் செய்வது எப்படி என்று ஒரு சீட்டில் எழுதி, கடைசி வெள்ளிக்கிழமைக்குள் பெட்டியில் போட்டுவிட வேண்டும். போடாவிட்டால் எங்கள் பிரிவுத் தலைவர் ஹாச்சிசுகா திங்கட்கிழமை காலைக் கூட்டத்தில் பெயர் சொல்லாமல், நம்மையே பார்த்துக்கொண்டு பேசுவார். அதற்கு இரண்டு அறை விட்டாலும் தேவலை.

ஒரே மாதத்தில் மூன்று யோசனை தோன்றினால் மூன்றையும் போடுகிறவள் முட்டாள். அடுத்த மாதம் எதை எழுதுவாள்? நான் ஒன்றைப் போட்டுவிட்டு மீதியை லாக்கரில் ஒரு அரிசி பிஸ்கட் டப்பாவுக்குள் சேர்த்துவைப்பேன். பத்தொன்பது வருஷ அனுபவம் சும்மாவா?

ஜப்பானில் ஹெக்கினான் ஊரில் கார் கண்ணாடி துடைக்கும் வைப்பர்களைப் பூட்டுகிற லைன் எங்களுடையது. எட்டுப் பெண்கள் வரிசையாக நிற்போம். என் பெயர் கக்கேய் தோமியே. எனக்கு வலப்பக்கம் மிசோகுச்சி; அவள் வாய்க்கு மட்டும் விடுமுறையே கிடையாது. கடைசியில் ஃபுருதா அம்மாள். அறுபத்து மூன்று வயது, கை கொஞ்சம் நடுங்கும், நாளைக்கு நாலு ஸ்குரூவாவது கீழே விழும்.

ஜூலை மாதம், எங்களிடம் வைப்பர் வாங்குகிற பெரிய கம்பெனியிலிருந்து உசாமி என்பவர் ஸ்டாப்வாட்சோடு வந்தார். மூன்று நாள் ஒரு வார்த்தை பேசாமல் எங்கள் பின்னால் நின்றார். நாலாம் நாள் காலை வாயைத் திறந்தார்.

"ஒரு வைப்பருக்கு அம்பத்தெட்டு விநாடி ஆகுது. ஆகஸ்ட்ல ஓபோன் பண்டிகை லீவு முடிஞ்சு நான் வர்றப்போ நாப்பத்தாறு ஆகியிருக்கணும். இல்லேன்னா மன்னிச்சுக்குங்க, இந்த லைன் தெற்கே கியூஷு தீவுக்குப் போயிடும்."

லைன் போகலாம், நாங்கள் போக முடியுமா? என் கணவர் ஓய்வு பெற்றுவிட்டுப் பகலெல்லாம் பேஸ்பால் பார்க்கிறார். அவரோடு ஒரு ஞாயிற்றுக்கிழமையைக் கடத்துவதே எனக்குப் பெரும்பாடு. விளையாட்டுக்குச் சொல்கிறேன் என்று நினைத்துக்கொள்ளுங்கள். உண்மையில் என் பயம் வேறு. எட்டுப் பேரும் எட்டு மூலைக்குச் சிதறிப்போவோம். மிசோகுச்சியின் வாய் இல்லாமல் எனக்குப் பொழுது எப்படிப் போகும்?

அன்று மதியம் ஹாச்சிசுகா கரும்பலகை முன் நின்றார். ஒரு தொல்லை வந்தால் ஐந்து முறை 'ஏன்' கேட்பது எங்கள் வழக்கம்.

"ஏன் லேட்டாகுது?"

"ஸ்குரூ எடுக்க நேரமாகுது" என்றாள் மிசோகுச்சி.

"ஏன் நேரமாகுது?"

"எடுக்கிறது வலது கை. ஸ்குரூ தட்டு இருக்கிறது இடது பக்கம்."

"ஏன் இடது பக்கம் இருக்கு?"

"லைன் போட்ட அன்னிக்கு அங்க வச்சாங்க."

"அப்புறம் ஏன் மாத்தலை?"

"யாரும் சொல்லலையே."

"ஏன் சொல்லலை?"

ஐந்தாவது 'ஏன்' வந்ததும் எல்லாரும் வாயில் ஒட்டுகிற மோச்சி அரிசி உருண்டையை அடைத்துக்கொண்டதுபோல் நின்றோம். திருடனுக்குத் தேள் கொட்டினால் கத்த முடியுமா? ஹாச்சிசுகாவும் திடீரென்று தன் சுண்ணாம்புக்கட்டியை ஆராய ஆரம்பித்தார்.

எனக்குப் பொறுமை கம்மி. விறுவிறுவென்று போய் டப்பாவைக் கொண்டுவந்து மேசைமேல் டொங்கென்று வைத்தேன்.

"இருபத்து மூணு இருக்கு. ஒண்ணுகூடப் போடலை. திட்டறதுன்னா இப்பவே திட்டிடுங்க."

மிசோகுச்சி இடுப்பில் கை வைத்தாள். "அடி அமுக்கினி! பக்கத்துலயே நின்னுக்கிட்டு எங்கிட்டகூட மூச்சு விடலையே நீ!"

"சொல்லியிருந்தா நீ போட்டிருப்பே."

"போட்டிருப்பேன்தான்" என்றவள் ஒரு நிமிஷம் யோசித்தாள். "இரு, என் பையை எடுத்துட்டு வரேன்."

அவள் பையிலிருந்து பத்தொன்பது சீட்டுகள் வந்தன. அதைப் பார்த்ததும் மற்றவர்களும் ஒருவர் பின் ஒருவராக நழுவினார்கள். சாப்பாட்டுப் பைக்குள்ளிருந்து, ஏப்ரன் பையிலிருந்து, ஒருத்தி ஷூ பெட்டியிலிருந்து என்று சீட்டுகள் வந்துகொண்டே இருந்தன. ஃபுருதா அம்மாள் தன் எட்டுச் சீட்டுகளைக் கைக்குட்டையில் மடித்துவைத்திருந்தார். கடைசியில் ஹாச்சிசுகா காது சிவக்கத் தன் மேசை இழுப்பறையைத் திறந்தார்.

"என்ன பண்றது, எனக்கு மாசம் ரெண்டு போடணுமே" என்றார் பாவமாக.

நூற்று முப்பத்தாறு சீட்டுகள். பரப்பிப் படித்தபோதுதான் குட்டு முழுசாக வெளிப்பட்டது. ஸ்குரூ தட்டை வலது பக்கம் மாற்றலாம் என்று ஆறு பேர் எழுதியிருந்தோம்! என் சீட்டில் ஒன்பது வருஷத்துக்கு முந்தைய தேதி. ஆறு பேரும் வறட்சிக் காலத்துக்கு என்று அதே யோசனையைப் பத்திரப்படுத்திக்கொண்டு, தினமும் எட்டி எட்டித் தோள்வலிக்குப் பிளாஸ்திரி ஒட்டியிருக்கிறோம். முதலில் மிசோகுச்சி சிரித்தாள். பிறகு யாராலும் அடக்க முடியவில்லை. ஹாச்சிசுகா சிரித்துச் சிரித்துக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

விடுமுறைவரை அட்டை, டேப், கத்தரிக்கோல் என்று வெறிபிடித்ததுபோல் வேலை செய்தோம். தட்டு வலப்பக்கம் வந்தது. ரப்பர் பட்டைகள் கைக்கெட்டும் உயரத்தில் தொங்கின. ஃபுருதா அம்மாளின் சீட்டில் சொன்னபடி தட்டுக்கடியில் காந்தம் வைத்தோம். அதன்பிறகு அவர் கையிலிருந்து ஒரு ஸ்குரூகூடத் தரையைத் தொடவில்லை.

ஓபோன் முடிந்து உசாமி வந்தார். அரை நாள் நின்று அளந்தார்.

"நாப்பது விநாடி."

நாங்கள் போட்ட கூச்சலில் பக்கத்துக் கட்டடத்திலிருந்து ஆட்கள் எட்டிப்பார்த்தார்கள். உசாமி மட்டும் நோட்டில் ஏதோ கணக்குப் போட்டுக்கொண்டிருந்தார்.

"லைன் இங்கேயே இருக்கும். ரொம்ப நன்றி. ஆனா எங்களுக்கு நாப்பத்தாறே போதும். அதுக்கு ஏழு பேர் போதும்."

கூச்சல் சட்டென்று நின்றது. யாரும் ஃபுருதா அம்மாளைப் பார்க்கவில்லை. பார்க்காமல் இருக்க எல்லாரும் பட்ட பாட்டிலேயே அவருக்குப் புரிந்திருக்கும். அவர் மெதுவாக ஏப்ரன் முடிச்சில் கை வைத்தார்.

எனக்குச் சுர்ரென்று ஏறிவிட்டது. "இதென்னங்க நியாயம்? எங்க யோசனையை வாங்கிக்கிட்டு எங்க ஆளையே வெளியே தள்ளுவீங்களா? அவங்க போனா நானும் போறேன்!"

உசாமி முதல் தடவையாகச் சிரித்தார். "அவங்க ஏன் போகணும்? மெதுவா செய்றவங்களை எடுத்தா, அடுத்த தடவை யார் யோசனை சொல்லுவாங்க? இருக்கிறதுலயே கெட்டிக்காரங்களைத்தான் நாங்க எடுப்போம். நீங்கதான் போகணும், கக்கேய்-சான். மூணாம் கட்டடத்துல கண்ணாடி லைன் திணறுது. அங்க போய் சீட்டெல்லாம் வெளியே வரவைங்க."

ஃபுருதா அம்மாளின் கை முடிச்சிலிருந்து இறங்கியது. லைனைக் காப்பாற்றப் போய், லைனிலிருந்த என் இடத்தை நானே காலி பண்ணிவிட்டேன்!

மறுநாள் காலை மூன்றாம் கட்டடத்துக்குப் போகுமுன் இங்கே வந்து ஓரமாக நின்று பார்த்தேன். ஏழு பேர் நின்றிருந்தார்கள். நான் இல்லாத இடத்தில் கொஞ்சமாவது தடுமாறுவார்கள் என்று, வெட்கத்தை விட்டுச் சொல்கிறேன், ஆசையாகத்தான் பார்த்தேன். வைப்பர்கள் ஒன்றன்பின் ஒன்றாகச் சீராக வந்தன. நான் நின்ற இடம் எது என்றே எனக்குத் தெரியவில்லை.

கண் கலங்கிவிட்டது. கையை நிறுத்தாமலே மிசோகுச்சி குரல் கொடுத்தாள்.

"என்னடி தோமியே, எங்கேயாவது குறை தெரியுதா?"

"ஒண்ணுமில்லை" என்றேன். "நல்லாத்தான் செஞ்சிருக்கோம்."